பாறை தட்டிய ஆழம்

புது ஊருக்கு வேலைக்குப் போனால் நான் முதலில் தேடிப் போவது கிணறு வெட்டுகிறவர்களைத்தான். பெரம்பலூர், அரியலூர் பக்கம், "எத்தனை அடியில பாறை தட்டுச்சுண்ணே?" என்று கேட்டால் போதும், ஊரிலுள்ள ஒவ்வொரு கிணற்றுக்கும் கணக்குச் சொல்வார்கள். "மேக்கால கொல்லையில அஞ்சாறு அடியிலயே தட்டிடுச்சு தம்பி. கிழக்க போகப் போக வெறும் களிதான். எவ்வளவு தோண்டினாலும் பாறை வராது." இதைக் கேட்ட மாத்திரத்தில் எனக்குப் பாதி வரைபடம் தயார்.

கிணறு வெட்டுகிறவர் பாறை என்றது 200 கோடி ஆண்டுக்கும் மேல் பழைய நைஸ் பாறையை. களி என்றது, சுமார் 10 கோடி ஆண்டுக்கு முன் இந்தப் பக்கம் புகுந்த கடல் விட்டுப்போன படிவை. அது கிழக்கே சாய்ந்து சாய்ந்து ஆழமாகிக்கொண்டே போகும். ஒன்றின்மேல் ஒன்று நேராக உட்கார்ந்திருக்கும் இந்த இரண்டுக்கும் நடுவே வந்துபோன காலத்துக்கு அங்கே ஒரு பிடி மண்கூடச் சாட்சி கிடையாது. காலம் அந்த இடத்தில் பிளந்து கிடக்கிறது. அப்படிப்பட்ட பிளவுகள் எந்த வயலுக்கடியில், எந்த ஓடையில் போகின்றன என்று கோடு போட்டுக் காட்டியதுதான் என் வாழ்நாள் வேலை.

ஊட்டத்தூர் பக்கத்து ஓடைக்கரை ஒன்றில் அந்தக் கோட்டை உட்கார்ந்து பார்க்கலாம். கீழே கறுப்பும் வெளுப்புமாக வரியோடிய நைஸ், விரலால் சுரண்டினால் உதிரும் அளவுக்கு உளுத்தது. அதன் மேல் அலை உருட்டிய வெங்கச்சங்கற்கள் ஒரு வரிசை. அதற்கு மேல் மஞ்சள் களி. கீழே ஒரு சொட்டு அமிலம் விட்டால் சும்மா கிடக்கும். மேலே விட்டால் சுண்ணாம்பு இருப்பதால் நுரைத்துப் பொங்கும். கட்டைவிரலைக் கீழேயும் ஆள்காட்டி விரலை மேலேயும் வைத்தால், நடுவில் கிடப்பது 190 கோடி ஆண்டுக்குக் குறையாத காலம். 1788இல் புவியியலாளர் ஜேம்ஸ் ஹட்டன் படகேறிப் போய்ப் பார்த்து, பூமியின் வயதை மனிதன் கணக்கிட முடியாது என்ற தன் கருத்துக்குச் சான்று கண்ட ஸ்காட்லாந்தின் சிக்கார் முனையில்கூட இடைவெளி சில கோடி ஆண்டுகள்தான். உலகமே அங்கே யாத்திரை போகிறது. நம் ஓடைக்கு ஆடு மேய்ப்பவர்கள் போகிறார்கள். எனக்கு இது தீராத ஆதங்கம்.

அந்தக் காலத்தில் எங்களிடம் இருந்தது ஒரு சுத்தியல், பிரண்டன் காம்பஸ், லென்ஸ், அமிலக் குப்பி, கலர் பென்சில். வழிகாட்டியாக, இந்தப் பக்கத்துப் படிவுகளைப் பற்றி 1860களில் புவியியலாளர் பிளான்ஃபோர்டு வெளியிட்ட ஆய்வு. ஊட்டத்தூர், திருச்சி, அரியலூர் என்று அவர் பிரித்த மூன்று தொகுதிகளை வைத்துத்தான் இன்றும் பேசுகிறோம். இருக்கும் இடம் தெரிய வேண்டுமானால் கோயில் கோபுரத்துக்கும் ஏரிக்கரைக்கும் காம்பஸ் பிடித்து, கோடுகள் வெட்டும் இடத்தில் புள்ளி வைக்க வேண்டும். நில அளவைத் துறையின் ஷீட்டைக் கையெழுத்துப் போட்டு வாங்கி, மாலையில் பூட்டி வைக்க வேண்டும். நாங்கள் வைத்த புள்ளி ஐம்பது மீட்டர் தள்ளியிருக்கலாம். ஆனால் சந்தேகம் வந்தால் மறுநாள் போய்ப் பார்க்கப் பாறை அங்கேயே இருக்கும்.

இன்று மாணவர்கள் கொண்டுவரும் கருவி சென்டிமீட்டர் சுத்தமாக இடம் சொல்கிறது. டிரோன் ஒரு காலைப்பொழுதில் ஒரு மலைச்சரிவையே படமெடுத்துக் கொடுக்கிறது. 2021இல் வரைபடத் தரவுக்கான கட்டுப்பாடுகளும் தளர்ந்துவிட்டன. நான் ஏங்கிய வசதிகள் இவை. இவர்கள் கையில் பார்க்கும்போது மனசு நிறைகிறது. குறை, போய் நிற்க வேண்டிய பாறையிடம். கல்லங்குறிச்சியின் சுண்ணாம்புக்கல், சுமார் 7 கோடி ஆண்டுக்கு முந்தைய கடலில் சிப்பிகள் குவிந்து குவிந்து உண்டானது. கையகலச் சிப்பிகள் இரண்டு மூடியும் பிரியாமல் அப்படியே கிடக்கும். சிமென்ட்டுக்கு அதைவிட நல்ல கல் கிடையாது. வெட்டுகிறார்கள். வீடு கட்டுகிற எவரும் அதைக் குறை சொல்ல முடியாது. சுரங்கம் வெட்டியதால்தான் நாங்கள் ஓடையில் முழங்கால் உயரத்துக்குப் பார்த்த அடுக்குகளை ஆள் உயரத்துக்கு மேல் சுவராகப் பார்த்தோம் என்பதும் உண்மை. ஆனால் கல் தீர்ந்ததும் குழியில் தண்ணீர் ஏறுகிறது, கழிவு மண் சரிகிறது, சுவர் மறைந்துவிடுகிறது. துல்லியமான வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டு, அது காட்டும் அடுக்கு இருந்த இடத்தில் பச்சைத் தண்ணீரைப் பார்த்து நிற்கிறார்கள் பிள்ளைகள்.

கல்லமேட்டில் நடந்ததை நினைத்தால் இன்னும் வலிக்கிறது. அங்கே கிடைத்த பெரிய எலும்புகளை வைத்து 1987இல் புவியியலாளர்கள் யாதகிரியும் அய்யாசாமியும் ஒரு டைனோசருக்கு ப்ருஹத்காயோசாரஸ் என்று பெயர் வைத்தார்கள். கால் எலும்பு மட்டும் சுமார் 2 மீட்டர் நீளம். உலகிலேயே மிகப் பெரிய டைனோசர்களில் ஒன்றாக அது இருந்திருக்கலாம். இப்போது அந்த எலும்புகள் இல்லை, ஈரத்தில் உப்பி நொறுங்கிப் போய்விட்டன. 2022இல் பழைய புகைப்படங்கள் வெளியானபோதுதான், இருந்ததற்கான அத்தாட்சி உலகத்துக்குக் கிடைத்தது.

சாத்தனூரின் கல்மரத்துக்கு அந்தக் கதி வரவில்லை. 1940இல் புவியியலாளர் எம்.எஸ். கிருஷ்ணன் கண்டு சொன்ன, 18 மீட்டர் நீள மரம். வேலி போட்டு, தேசியப் புவியியல் சின்னம் என்று பலகை வைத்துக் காப்பாற்றியிருக்கிறார்கள். மரம் என்றால் பார்ப்பவருக்குப் புரிகிறது. இரண்டு அடுக்குக்கு நடுவே ஒன்றும் இல்லாத ஒரு கோட்டுக்கு வேலி கேட்டால் அதிகாரிகள் முகத்தைப் பார்க்கிறார்கள். 2022 டிசம்பரில் புவிப் பாரம்பரிய இடங்களைக் காக்க மத்திய அரசு ஒரு வரைவு மசோதா வெளியிட்டது. அதை வரிவரியாகப் படித்து, சந்திக்கிற ஆசிரியர்களிடமெல்லாம் ஒரே கோரிக்கையை வைக்கிறேன். குத்தகை முடிகிற ஒவ்வொரு சுண்ணாம்புச் சுரங்கத்திலும் ஒரு சுவரை, முப்பது மீட்டர் நீளம் போதும், மூடாமல் விடச் சொல்லிக் கேளுங்கள். தண்ணீர் ஏறாத மேல் படியில், அடுக்கு மாறும் கோடு தெரிகிற சுவராக இருக்கட்டும். இறங்கிப் போக ஒரு பாதை, கைப்பிடிக்கு ஒரு கம்பி. பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரும் நாளில் அமிலக் குப்பியோடு நான் வந்துவிடுகிறேன்.