டிக்ரி வந்தது, காடு வரவில்லை

வழக்கில் வென்றவன் தோற்றான், தோற்றவன் செத்தான் என்று பெரியவர்கள் சொல்லிவைத்தார்கள். முதல் பாதியில் பிழையில்லை. இரண்டாம் பாதியைச் சேலம், நாமக்கல் பக்கம் வந்து யாராவது திருத்தினால் தேவலை. தோற்றவர் சாகவில்லை. டிக்ரியில் கைவிட்டுப்போன காட்டில் குச்சிக்கிழங்கு பிடுங்கி சேகோ பேக்டரிக்கு ஏற்றிவிட்டு, அடுத்து மஞ்சள் ஊன்றிக்கொண்டிருக்கிறார். வென்றவர்தான் அஸ்தம்பட்டி கோர்ட் வாசலில் அடுத்த வாய்தா எப்போது என்று குமாஸ்தாவைக் கேட்டுக்கொண்டு நிற்கிறார்.

அவர் கையில் தீர்ப்பு இருக்கிறது. முத்திரை, கையெழுத்து எல்லாம் சுத்தம். ஆனால் அதைக் கொடுத்த கோர்ட்டிடமே திரும்பப் போய், "அய்யா, நீங்கள் சொன்னதை நீங்களே கொஞ்சம் செய்யுங்கள்" என்று கெஞ்ச வேண்டும். அந்தக் கெஞ்சலுக்கு ஈ.பி., அதாவது நிறைவேற்று மனு என்று பெயர், எண்ணும் உண்டு, பேட்டாவும் உண்டு. எதிராளிக்கு நோட்டீஸ் கொண்டுபோனவர் "கதவு பூட்டியிருந்தது" என்று எழுதிக்கொண்டு திரும்புவார். கதவுக்குப் பின்னால் சீரியல் ஓடும் சத்தம் தெருமுனை வரை கேட்கும். அது அவர் காதில் மட்டும் விழாது. ஒருவழியாக அமீனா காட்டுக்குப் புறப்பட்டால் சர்வேயர் வரமாட்டார். சர்வேயர் வந்த நாளில் போலீஸ் ஏதோ மந்திரி வருகைக்குப் பந்தோபஸ்து போயிருக்கும். மூவரும் ஒன்றாக வந்து சேரும் அதிசய நாளில், வரப்பின் மேல் எதிராளியின் மச்சான் ஒருவர் நிற்பார். "குத்தகைக்காரன் நான்தானுங்க, கேஸ் நடந்ததே எனக்குத் தெரியாதுங்க." அவ்வளவுதான். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆர்டர் 21-ல் விதிகள் மட்டும் நூற்றுக்கு மேல். மச்சானுக்கும் அதில் இடம் வைத்திருக்கிறார்கள். வென்றவருக்குக் கிடைத்த பரிசு இன்னொரு வழக்கு.

மிகையாகச் சொல்கிறேன் என்பவர்கள், உச்ச நீதிமன்றம் 2025 மார்ச் 6 அன்று தீர்ப்பளித்த தமிழ்நாட்டு நில வழக்கைப் பார்க்கட்டும். கிரய ஒப்பந்தம் எழுதியது 1980-ல். விற்றவர்களின் சொந்தக்காரர்கள் குத்தகைதாரர் என்று சொல்லிக் குறுக்கே வந்தார்கள். 45 வருஷம் கழித்து, இரண்டு மாதத்துக்குள் நிலத்தை ஒப்படை, வேண்டுமானால் போலீஸைக் கூட்டிக்கொண்டு போ என்று டெல்லியிலிருந்து கீழ்க் கோர்ட்டுக்குச் சொல்ல வேண்டியிருந்தது. கோர்ட் வாசலில் மனு அடிக்கும் டைப்பிஸ்ட்டைக் கேட்டிருந்தால் இந்த யோசனையை ஒரு டீக்கே சொல்லியிருப்பார்.

இப்படிப்பட்ட மனுக்களை ஆறு மாதத்தில் முடி என்று அதே உச்ச நீதிமன்றம் 2021-லேயே கெடு வைத்தது. 2025-ல் மறுபடியும் ஆறு மாதம். அந்த வருஷம் அக்டோபரில் எண்ணிப் பார்த்தபோது நாடு முழுக்க 8,82,578 நிறைவேற்று மனுக்கள் தேங்கிக் கிடந்தன. மகாராஷ்டிரம் முதலிடம், 86,000-க்கு மேல் வைத்துக்கொண்டு நாம் இரண்டாமிடம். முட்டையிலும் லாரியிலும் நாமக்கல் வாங்கிக் கொடுத்த பெயர் தமிழ்நாட்டுக்குப் போதவில்லை போலிருக்கிறது. கர்நாடகத்திலிருந்து கணக்கே வந்து சேரவில்லை. நிறைவேறாத உத்தரவுகள் எத்தனை என்று சொல்லச் சொன்ன உத்தரவும் நிறைவேறாதவற்றோடு போய்ச் சேர்ந்தது!

டிக்ரி வாங்கிய பிறகுதான் இந்தியாவில் வழக்காளியின் கஷ்டமே தொடங்குகிறது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1872-ல் எழுதியது. நம் நீதிபதிகளுக்கு அது ரொம்பப் பிடித்த வாசகம். இன்றும் தீர்ப்புகளில் எடுத்துக்காட்டுகிறார்கள். எடுத்துக்காட்டிவிட்டு வாய்தா போடுகிறார்கள்.

தாமதம் சட்டத்துக்குப் பிடிக்காது என்று மட்டும் நினைத்துவிடாதீர்கள். 1963-ம் வருஷத்துக் காலவரையறைச் சட்டப்படி, நிலத்தை ஒப்படைக்கக் கோரும் மனுவை டிக்ரி ஆன 12 வருஷத்துக்குள் போட்டாக வேண்டும். ஒரு நாள் தவறினாலும் டிக்ரி வெறும் காகிதம்; அசந்துபோன குடியானவனுக்கு அதுதான் தண்டனை. அவன் நேரத்தோடு போட்ட மனுவை இருபது வருஷம் கட்டிவைத்திருந்த கோர்ட்டுக்கு? வருஷம் தவறாமல் மே மாத விடுமுறை.