பிள்ளை எந்த இடம்?

வாடகைக்கு வீடு பார்க்க வவுனியாவில் குருமன்காட்டுக்குப் போயிருந்தேன். "தம்பி எந்த இடம்?" என்று வீட்டுக்கார அம்மா தொடங்கினா. சொன்னேன். "அங்கை எவடம்?" அதையும் சொன்னேன். "கோயிலுக்கு இஞ்சாலையோ, அங்காலையோ?" அந்தக் கேள்வி எதைத் தேடுகிறதென்று உங்களுக்கும் தெரியும். தேத்தண்ணியும் தந்து, "லண்டனிலை மகனைக் கேட்டுச் சொல்லுறன்" என்று அனுப்பிவைத்தா. கொதி இன்னும் அடங்கவில்லை.

வீட்டுக்கு வந்தால், மருமகன் வன் பீஸ் என்ற ஜப்பான் கார்ட்டூன் போட்டுக்கொண்டிருக்கிறான். 1999இல் தொடங்கி ஆயிரம் எபிசோட் தாண்டியும் முடியாத கடற்கொள்ளையர் கதை. இவன்தான் என் மெகா சீரியலைப் பழிப்பவன். 130ஆவது எபிசோட். வில்லன் குரொக்கடைலுக்கு வலக்கையாக இருந்த நிக்கோ ராபின், கதாநாயகன் லூஃபியின் கப்பலுக்குள் ஒளித்திருந்து வெளியே வருகிறாள். எட்டு வயதிலேயே தலைக்கு 79 மில்லியன் பெரி விலை வைக்கப்பட்டவள். என்னையும் சேர் என்கிறாள். லூஃபி சரி என்கிறான். அவ்வளவுதான்!

கப்பலில் இருக்கும் உசோப் மட்டும் விசாரிக்க உட்காருகிறான். என்னத்தில் கெட்டிக்காரி என்றால், ஆள் கொல்வதில் என்கிறாள். பயந்துபோகிறான். எங்கள் மாமி ஒருவரை அங்கே ஏற்றியிருக்க வேண்டும். கொலை கிடக்கட்டும், பிள்ளை எந்த இடம்? ஓகாராவோ? ஓகாராவிலை எவடம்? தீவே எரிஞ்சு போச்சோ, அப்ப காணி உறுதி? தாய் தொல்லியலோ, பென்சன் வருமோ? ஆர் வளத்தது? மாமா வீட்டிலையோ? மாமி சாப்பாடு தந்தவவோ? உங்கடை ஆக்கள் கனடாவிலை ஒருத்தரும் இல்லையோ? இன்னும் ஏன் கலியாணம் சரிவரேல்லை? அரைமணித்தியாலத்தில் ராபின் கடலில் குதித்திருப்பாள். பிசாசுப் பழம் தின்றவளுக்கு நீச்சல் வராது என்பது வேறு கதை.

தொண்ணூறுகளில் வவுனியாவில் தங்க வன்னியிலிருந்து வந்த சனத்துக்குப் பாஸ் தேவைப்பட்டது. வெயிலில் வரிசையில் நின்று எடுத்தோம், முடியமுடியப் புதுப்பித்தோம். வரிசையில் நின்ற அதே சனம்தான் இப்போது கேற்றடியில் நின்று கேட்கிறது. ஆமிக்காரன்கூடக் கோயிலுக்கு எந்தப் பக்கம் என்று கேட்டதில்லை.

கப்பலில், தன்னை ஏமாற்ற முடியாதென்று முறுக்கிக்கொண்டு நின்ற இன்னொருத்தி நாமி, ராபின் நகைப்பையை அவிழ்த்ததும் குழைந்துவிட்டாள். அது எனக்கு விளங்குகிறது. எங்கள் ஊரிலும் முற்பணத்தைக் கண்டால் பூர்வீகம் மறந்துபோகும். அந்த எபிசோடில் கடைசிவரை ராபினை நம்பாதவன், வாள்வீரன் ஸோரோ ஒருவன்தான். அவனைப் பற்றித்தான் எழுத உட்கார்ந்தேன். அவன் ஏன் நம்பவில்லை என்று மருமகனைக் கேட்டால், "மாமா, சும்மா இருங்கோ, அடுத்தது போகுது" என்கிறான்.