வழிகாட்டிப் பெருமான் வாழ்க!

காணொளியில் மட்டுமே காட்சி தரும் எங்கள் வழிகாட்டிப் பெருமானின் திருவடி ராயபுரம் கல்மண்டபத்து மண்ணில் இன்னும் படவில்லை. நாங்கள் கண்டது மார்பளவுத் திருவுருவம்தான், அதுவும் கோல்டன் கேட் பாலத்தின் பின்னணியில். மார்கழிக் கச்சேரிக்கு மயிலாப்பூர் வரை எழுந்தருள்பவர், எங்கள் பக்கம் திரும்பாதது எங்கள் மீது கொண்ட கருணை. வந்தால் எங்கே உட்கார வைப்போம்?

2016 ஜனவரி 16-ல் ஸ்டார்ட்-அப் இந்தியா பிறந்த பிறகு நாட்டில் தொழில்முனைவோர் பெருகினார்கள். அவர்களுக்குக் குறையாமல் வழிகாட்டிகளும் பெருகியது நம் பாக்கியம். எங்கள் தெருத் தம்பி ஒருவர் காசிமேட்டு மீனை வீடுவீடாகக் கொண்டுசேர்க்கும் கம்பெனி நடத்துகிறார். அவரையும் ஆட்கொள்ள ஐயா திருவுளம் பற்றினார். கலிபோர்னியாவில் மாலை ஐந்து மணி, ஐயா ஓய்வாக இருக்கும் வேளை. இங்கே விடியற்காலை ஐந்தரை, மீன் ஏலம் நடக்கும் நேரம். வஞ்சிரம் நாளைக்கும் வரும், ஞானம் வருமா? தம்பி கூடையை இறக்கிவிட்டுக் கைப்பேசியை ஏந்தி நின்றார்.

கோடிகளைத் திரட்டிய கொடைவள்ளல், ஜூமில் இலவசக் கணக்கையே ஆள்கிறார். எளிமை! அது 40 நிமிடத்தில் அறுந்துவிடும் என்பதால் ஒரு நொடியும் வீணாக்காமல், முப்பத்தைந்து நிமிடம் தம் வரலாற்றை அருளினார். தம்பி ஐஸ் விலையைப் பற்றி வாய் திறந்தார். அந்த நேரம் பார்த்து துறைமுகத்துக்குப் போகும் கண்டெய்னர் லாரி ஆரன் அடித்தது. "பேக்ரவுண்ட் நாய்ஸ், ப்ரோ" என்று ஐயா மியூட் போட்டார். ஒரே விரலில் வடசென்னையின் வாயை அடைத்த வல்லமை எந்த மந்திரிக்கு வாய்த்தது?

உபதேசங்களின் மணிமகுடம் இது: ஏப்ரல் முதல் ஜூன் வரை விற்பனையை இரட்டிப்பாக்க வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடை, விசைப்படகு கடலுக்குள் போகாது என்பதெல்லாம் எங்களைப் போன்ற சிற்றறிவினர் கவலை. மீன் முட்டையிடுவதற்கெல்லாம் அடங்கிப்போனால் வளர்ச்சி என்னாவது? "சப்ளையை ஃபிக்ஸ் பண்ணுங்க" என்று வங்கக்கடலுக்கே ஆணையிட்டார்.

அடுத்த சந்திப்பில் தம்பியின் பெயரைப் புதிதாகக் கேட்டார். குறிப்பு எடுப்பது, போன முறை சொன்னது பலித்ததா என்று விசாரிப்பது போன்ற குமாஸ்தா வேலைகளைத் தீண்டாத பற்றற்ற ஞானி அவர். நிறைவாக வந்த சான்றிதழில் மீன் கம்பெனி, 'மென்பொருள் நிறுவனம்' என்று பதவி உயர்வு பெற்றிருந்தது.

ஐயாவிடம் வழிகாட்டல் பெற அடுத்த அணிக்கு ஆள் எடுக்கிறார்களாம். தொழில் தொடங்கும் பிள்ளைகளே, தவறாமல் சேருங்கள். மைக்கை மட்டும் முன்கூட்டியே அணைத்துவிடுங்கள். கேள்வி கேட்டால் ஐயாவுக்கு ஆகாது.