விரல் நுனியில் போன பட்டம்

கேள்வி: தோற்றும் மனசில் நிற்கிற அணி உண்டா?

பதில்: 1983-இன் நெப்ராஸ்கா பல்கலைக்கழக அமெரிக்கன் ஃபுட்பால் அணி! பன்னிரண்டு ஆட்டம், பன்னிரண்டும் வெற்றி. கடைசியாக மயாமியில், மயாமி பல்கலைக்கழக அணியோடு, ஆரஞ்சு பவுல் ஆட்டம். 31-17 எனப் பின்தங்கி, விரட்டிப் பிடித்து, 48 விநாடி மிச்சமிருக்கையில் 31-30. ஓர் உதை, ஒரு பாயிண்ட், ஆட்டம் சமன். தேசியப் பட்டமும் அநேகமாகக் கைக்கு வந்திருக்கும். பயிற்சியாளர் டாம் ஆஸ்போர்னுக்குச் சமனில் மனம் ஒப்பவில்லை. வெற்றிக்கான இரண்டு பாயிண்டுக்குப் பந்தை வீசச் சொன்னார். எதிரணியின் கென் கால்ஹூன் விரல் நுனியால் தட்டிவிட்டார், பந்தோடு பட்டத்தையும் சேர்த்து. எத்தனை பெரிய நெஞ்சு வேண்டும் அந்த முடிவுக்கு! பதினோரு வருஷம் கழித்து, அதே மைதானத்தில், அதே மயாமி அணியை 24-17 என வென்று ஆஸ்போர்ன் தன் முதல் தேசியப் பட்டத்தை வாங்கினார்.