மணலில் ஒரு தள்ளுவண்டி

மன்னார்ப் பேசாலையில் ஒரு பிள்ளைத்தாச்சி, ஏழாம் மாதம். கனடாச் சித்தி தள்ளுவண்டி அனுப்பியிருக்கிறா. மூன்று சில்லு, மடிக்கலாம், கோப்பி வைக்கத் தனி இடம். வாசலைத் தாண்டினால் மணல். சில்லு புதைந்து நிற்கிறது. இழுத்துப்போக மன்னார் ரவுணில் கழுதைக்கா பஞ்சம் என்கிறார் மாமா.

அரசாங்கத்தின் கவனிப்பு வேறு மாதிரி. மிட்வைஃப் அக்கா வீடு தேடி வருவா, நிறை கூடவில்லை என்று ஏசுவா, திரிபோஷா சத்துமா பைக்கற்றைக் கொடுத்து, "நீர்தான் சாப்பிடோணும், வீட்டுக்காரர் இல்லை" என்று சொல்லிவிட்டுப் போவா. 2015இல் கர்ப்பிணிகளுக்கு 20,000 ரூபாய் போஷாக்குக் கொடுப்பனவு அறிவித்தார்கள்; மாதம் 2,000, பத்து மாதத்துக்கு. இப்போதைய பேபி ஷவரில் பலூன் வளைவுக்கு அந்த மாதக்காசு முற்பணமாகவும் காணாது.

குழந்தைப் பால்மா விளம்பரத்துக்கு உலக சுகாதார நிறுவனம் 1981இலேயே கடிவாளம் போட்டது. இலங்கையும் தனக்கொரு விதிக்கோவை வைத்திருக்கிறது. பலூன்காரருக்கு அந்தத் தொல்லை இல்லை.

அம்மம்மாவின் பட்டியலில் இரண்டே சாமான்: ஏணை கட்டப் பழைய நூல்சேலை, பிள்ளை பிறந்ததும் பால் சுரக்கப் பால்சுறா. சுறா விலையை விசாரித்துவிட்டு வந்த புருஷன்காரன், தள்ளுவண்டியை யாராவது வாங்குவார்களா என்று கேட்டுத் திரிகிறான்.