மேடைக்கு வந்த கார் வாசலுக்கு வருமா?

பெறுநர்:
புதிய மாடல் அறிமுக விழாப் பிரிவின் பொறுப்பாளர் அவர்கள்,
டெஸ்லா நிறுவனம், ஆஸ்டின், டெக்சாஸ்.

பொருள்: விழா நடத்தும் திறமையைப் பாராட்டுதல் – விழாவில் காட்டிய காரைக் கோருதல் – தொடர்பாக.

பார்வை: தங்களின் 2016, 2017, 2019, 2020 ஆம் ஆண்டு அறிவிப்புகள்.

ஐயா,

பொறியாளர்களுக்கு எழுதாமல் தங்கள் பிரிவுக்கு எழுதக் காரணம் உண்டு. பொறியாளர்களிடம் போனால் பேட்டரி தயாராகவில்லை, ரோபோ சண்டித்தனம் செய்கிறது என்று ஏதாவது சாக்கு இருக்கும். 2018இல் ஃப்ரீமாண்ட் ஆலை வளாகத்தில் கூடாரம் அடித்து மாடல் 3 கார்களைப் பூட்டிய கூட்டம்தானே அவர்கள்! தங்கள் பிரிவு அப்படியல்ல. விளக்கு, பாட்டு, கைதட்டல், அட்வான்ஸ் வசூல் எல்லாம் கனகச்சிதம்.

எங்கள் ஊரில் நிச்சயதார்த்தத்துக்குப் போனால் சாப்பிட்டுவிட்டுத் தாம்பூலத்தோடு திரும்பலாம், மொய் கல்யாணத்தன்றுதான். தாங்கள் மொய்யை நிச்சயத்தன்றே வாங்கிக்கொள்கிறீர்கள். முகூர்த்த நாளை மட்டும் மாப்பிள்ளை வீட்டார் ஆண்டுதோறும் மாற்றிச் சொல்கிறார்கள்.

2017 நவம்பர் 16ஆம் தேதி விழாவைச் சொல்கிறேன். செமி லாரியைக் காட்டி முடித்தீர்கள். கூட்டம் கிளம்பலாமா என்று யோசிக்கும்போது அதே லாரியின் பின்கதவைத் திறந்து புதிய ரோட்ஸ்டரை இறக்கினீர்கள். நின்ற இடத்திலிருந்து மணிக்கு 60 மைல் வேகத்தை 1.9 விநாடியில் எட்டும் என்றார் எலான் மஸ்க். விலை 2 லட்சம் டாலர், முன்பணம் 50 ஆயிரம். முதல் ஆயிரம் கார்களில் ஒன்று வேண்டுமென்றால் இரண்டரை லட்சத்தையும் முன்கூட்டியே கட்ட வேண்டும். கார் வரும் ஆண்டு 2020. அந்த லாரிக்குச் சொன்ன ஆண்டு 2019. பெப்சிகோவுக்கு முதல் வண்டி போனது 2022 டிசம்பரில். லாரி தேவலை. மஸ்க் ஓட்டிக்கொண்டிருந்த பழைய ரோட்ஸ்டர் 2018 பிப்ரவரியிலேயே ராக்கெட்டில் ஏறி, செவ்வாயின் சுற்றுப்பாதையையும் தாண்டும் பயணத்தில் புறப்பட்டுவிட்டது. 2020இல் வரவேண்டிய புதியது 2025 முடிந்தும் எந்த வாடிக்கையாளர் வீட்டுக்கும் போகவில்லை.

2018இல் முன்பதிவு செய்தவர்களில் ஒருவர் ஓபன்ஏஐ தலைவர் சாம் ஆல்ட்மன். ஏழரை ஆண்டு பொறுத்ததாகச் சொன்னார். (ஏழரை என்றால் எங்களுக்குச் சனி ஞாபகம் வரும்; அதுகூடச் சொன்ன தேதியில் விட்டுவிடும்.) 2025 அக்டோபரில் பதிவை ரத்து செய்யச் சொல்லி அவர் போட்ட மின்னஞ்சல், அப்படி ஒரு முகவரியே இல்லை என்று திரும்பி வந்தது. அதை அவர் ஊரறியப் போட்டு உடைத்ததும், 24 மணி நேரத்துக்குள் பணம் திரும்பிவிட்டதே என்று மஸ்க் பதில் சொன்னார். இருவருக்கும் உள்ள பழைய பகை தனிக்கதை, அது வேண்டாம். ஊரறிந்த முதலாளிக்கே முகவரி கிடைக்காத இடத்தில் ஒரு சாதாரணப் பல் டாக்டர் பணத்தைத் திருப்பிக் கேட்க எந்தக் கதவைத் தட்டுவார்?

அடுத்த மாதமே பங்குதாரர் கூட்டத்தில் ரோட்ஸ்டருக்குப் புதிய விழாத் தேதி வந்தது: 2026 ஏப்ரல் 1. முட்டாள்கள் தினம் என்றால், நடக்காவிட்டாலும் சும்மா சொன்னேன் என்று தப்பித்துக்கொள்ளலாமே என மஸ்க் வாயாலேயே விளக்கமும் வந்தது. பகடி எழுதிப் பிழைக்கும் எங்களைப் போன்றவர்களின் வயிற்றில் இப்படி அடிக்கலாமா ஐயா?

சைபர்டிரக் விழாவை மறக்க முடியுமா? 2019 நவம்பர். தங்கள் வடிவமைப்புத் தலைவர் ஃபிரான்ஸ் வான் ஹோல்ஸ்ஹவுசன் சம்மட்டியால் கதவில் ஓங்கி அடித்தார், கதவு அசையவில்லை. அதோடு இறங்கியிருக்கலாம். உடையாத கண்ணாடி என்று இரும்புக் குண்டை எறிந்தார். முன்கதவுக் கண்ணாடி சிலந்தி வலையாக விரிந்தது. சரி, பின்கதவுக் கண்ணாடியாவது என்று இன்னொரு முறை. அதுவும் போயிற்று. இரண்டு உடைந்த ஜன்னல்களுக்கு முன்னால் நின்றபடியே மஸ்க் மிச்ச விழாவை நடத்தி முடித்தார். வேறொரு நிறுவனமாக இருந்தால் ஒரு வாரம் வெளியே தலை காட்டாது. தாங்கள் அந்த உடைந்த கண்ணாடியைப் படமாக்கி டி-ஷர்ட் போட்டு விற்றீர்கள். நான்கு ஆண்டு கழித்து, 2023 நவம்பரில் வண்டியை ஒப்படைக்கும் விழாவில் அதே ஃபிரான்ஸ் ஜன்னலில் மறுபடி எறிந்தார். இந்த முறை கையில் இருந்தது பேஸ்பால் பந்து. கண்ணாடி தப்பித்தது.

2019இல் ஆரம்ப விலை 39,900 டாலர். 2023இல் அறிவித்த மிகக் குறைந்த விலை 60,990. அந்த வண்டியும் 2025இல்தான் என்றார்கள். 500 மைல் ஓடும் என்ற உச்ச மாடல் 320 மைலில் நின்றது. மிச்ச தூரம் வேண்டுவோர் 16 ஆயிரம் டாலர் கொடுத்துக் கூடுதல் பேட்டரி வாங்கிச் சரக்குத் தொட்டியில் மூன்றில் ஒரு பங்கை அதற்கு விடலாம் என்றீர்கள். 2025இல் அந்தப் பேட்டரியையும் கைவிட்டீர்கள். ஆக்சிலரேட்டர் பெடலின் மேல்தகடு நழுவிச் சிக்கிக்கொள்கிறது என்று 2024 ஏப்ரலில் 3,878 வண்டிகளைத் திரும்ப அழைத்தபோது, தகட்டைப் பொருத்த வழுக்கட்டும் என்று ஆலையில் சோப்பு போட்டார்கள் என்ற காரணம் அரசுப் பதிவில் ஏறியது. மறுஆண்டு பசை விட்டு ஓரத் தகடு கழன்று விழுவதாக 46 ஆயிரத்துச் சொச்சம் வண்டிகளை அழைத்தீர்கள். ஒட்ட வேண்டிய இடத்தில் பசை பிடிக்கவில்லை, வழுக்கக் கூடாத இடத்தில் சோப்பு. எறிந்து காட்ட எடுத்துக்கொண்ட அக்கறையில் கொஞ்சத்தை ஒட்டிக் காட்டுவதிலும் செலவிட்டிருக்கலாம்.

ஏழை பாழைகளையும் தாங்கள் மறக்கவில்லை. 2020 செப்டம்பரில் கோவிட் காரணமாகப் பங்குதாரர்கள் கார்களுக்குள் உட்கார்ந்து, கைதட்ட வேண்டிய இடத்தில் ஹாரன் அடித்தார்களே, அந்த விழாவில்தான் சுமார் மூன்றே ஆண்டில் 25 ஆயிரம் டாலர் கார் என்றீர்கள். 2024இல் மஸ்க், அந்த விலைக்குச் சாதாரண கார் செய்வதில் அர்த்தமில்லை என்றார். 2025 அக்டோபரில் வந்த ‘மலிவு’ மாடல் ஒய்யின் விலை 39,990. அதில் மேலே கண்ணாடிக் கூரை அப்படியே இருக்கிறது. உள்ளிருந்து துணி வைத்து மூடிவிட்டார்கள்! வானத்தைப் பார்க்க வேண்டுமென்றால் கூடுதலாகக் கொடு என்பதை இதைவிட நேராகச் சொல்ல முடியாது.

எங்கள் நாட்டிலும் 2016இல் மாடல் 3க்கு ஆயிரம் டாலர் கட்டியவர்கள் இருக்கிறார்கள். ஒன்பது ஆண்டு கழித்து, 2025இல், பணத்தைத் திருப்பித் தருகிறோம் என்று மின்னஞ்சல் வந்தது. அந்த ஜூலையில் மும்பையில் ஷோரூம் திறந்தீர்கள். உள்ளே நின்றது மாடல் ஒய், விலை 59.89 லட்சம் ரூபாயிலிருந்து. இறக்குமதி வரியும் சேர்ந்த விலை அது. பழி முழுவதும் தங்களுடையதல்ல என்று ஒப்புக்கொள்கிறேன்.

அந்த மாடல் ஒய் பற்றித்தான் ஒரு சந்தேகம். 2019 மார்ச்சில் அறிவித்தீர்கள். 2020 இலையுதிர் காலத்தில் தருவதாகச் சொல்லிவிட்டு 2020 மார்ச்சிலேயே கொடுத்துவிட்டீர்கள். 2023இல் உலகிலேயே அதிகம் விற்ற கார் அதுதான். சொன்னதற்கு முன்பே கார் வந்த இந்தக் குளறுபடிக்கு யார் பொறுப்பு, விசாரணைக் கமிஷன் ஏதும் போட்டீர்களா? அந்த அறிமுக விழா மிகச் சுமார். லாரி வயிற்றிலிருந்து கார் இறங்கவில்லை, யாரும் எதையும் எறியவும் இல்லை. விழா சப்பென்று இருந்தால் கார் சீக்கிரம் வருகிறது என்பது என் கணக்கு.

ஆகவே அடுத்த மாடலுக்குத் தங்கள் பிரிவுக்கு நீண்ட விடுப்பு அளிக்கக் கோருகிறேன். அதற்கு முன், ரோட்ஸ்டருக்கு முழுப்பணம் கட்டியவர்களில் கேட்பவர்களுக்கு வட்டியும் முதலுமாகத் திருப்பிக் கொடுங்கள். கேட்பதற்கு, போட்ட கடிதம் திரும்பி வராத முகவரி ஒன்றையும் தெரிவியுங்கள்.

இப்படிக்கு,
எதற்கும் அட்வான்ஸ் கட்டாத ஒரு வாசகன்