கொக்குவில் ஒழுங்கையொன்றில் பந்தின் எழுச்சியும் வீழ்ச்சியும்: ஒரு முன்னோடி ஆய்வு

இப்பொருள் பற்றி இதுவரை எவரும் எழுதவில்லை என்று தொடங்குவதே ஆய்வு மரபு. நியூட்டன் எழுதிவிட்டார். 1687இல் வெளிவந்த ‘பிரின்சிப்பியா’வில், கம்பளி உருண்டைகள் மோதிய வேகத்தில் ஒன்பதில் ஐந்து பங்கோடும், கண்ணாடி உருண்டைகள் பதினாறில் பதினைந்து பங்கோடும் விலகின என்று குறித்திருக்கிறார். ஆனால் அவர் கொக்குவிலுக்கு வந்ததில்லை. ஆகவே ஆய்வு இடைவெளி உண்டு.

தமிழில் முன்னாய்வு என்றால் குற்றாலக் குறவஞ்சி. வசந்தவல்லி பந்தாடுகிறாள், பந்து எத்தனை சாண் எழும்பியது என்று திரிகூடராசப்பக் கவிராயர் சொல்லவில்லை. இந்த மௌனத்தை வைத்தே ஒருவர் கலாநிதிப் பட்டம் எடுக்கலாம். யோசனையை இலவசமாகத் தருகிறேன்.

சர்வதேச விதிப்படி புது ரெனிஸ் பந்தை 254 செ.மீ. உயரத்திலிருந்து கெட்டித் தரையில் விட்டால் 135 முதல் 147 செ.மீ. வரை எழும்ப வேண்டும். மதிலில் கரிக்கோடு போட்டு, மச்சானைக் கதிரையில் ஏற்றினோம். எங்கள் பந்து மயிர் உதிர்ந்தது, இரண்டு முறை கிணற்றில் விழுந்து வாளியால் மீட்கப்பட்டது. 127இல் நின்றுவிட்டது. ஒவ்வொரு துள்ளலிலும் பாதி போகிறதென்றால் அடுத்தவை 63.5, 31.75. (கரிக்கோட்டின் தடிப்பே 2 செ.மீ. என்பதை ஆய்வின் எல்லையாகக் கொள்க.)

தரை வகைகள். சீமெந்து முற்றம்: நன்று. செம்மண் ஒழுங்கை, மாரியில்: விழுந்த இடமே வாசஸ்தலம். வெங்காயத் தோட்டம்: பந்து பற்றித் தரவில்லை, தோட்டக்காரர் பற்றி உண்டு.

இனி ஆய்வின் உயிர்நிலை. எழும்பாத அந்த உயரம் எங்கே போனது? றப்பர் நசுங்கி விரிகையில் பெரும்பகுதி சூடாகிறது, துளியளவு சத்தமாகிறது என்பர் பௌதிக ஆசிரியர்கள். சூட்டால் எமக்குத் தொல்லையில்லை. சத்தந்தான் சிக்கல். 2015 ஜனவரியிலிருந்து மறுபடி கொக்குவிலைத் தாண்டிக் காங்கேசன்துறைக்கு ஓடும் கோச்சி வீட்டை அதிர வைத்தாலும் எழும்பாத அம்மப்பா, ஒரு ‘டொப்’புக்குச் சாய்மனைக் கதிரையில் நிமிர்ந்துவிடுகிறார். பந்திலிருந்து போனது ‘டொப்’. விறாந்தையிலிருந்து திரும்பி வந்தது, “ஆரடா அது? உங்களுக்குப் படிப்பில்லையோ?” சக்தியை ஆக்கமுடியாது என்ற விதி எங்கள் விறாந்தையில் முறிகிறது.

இதில் கருத்து வேறுபாடு உண்டு. எழுப்பியது பந்தல்ல, பொடியளின் கூச்சல் (அம்மம்மா, வாய்மொழி, அடுப்படி). இல்லை, தேத்தண்ணி பிந்தியதால் ஏற்கெனவே விழித்துத்தான் இருந்தார் (பெரியம்மா, வாய்மொழி, கிணற்றடி, அம்மம்மாவுக்கு மறுப்பாக). இரண்டும் பிழை (சின்ன மாமா, கனடாவிலிருந்து தொலைபேசிவழி, திருத்திய மூன்றாம் பதிப்பு; பெரியம்மாவை மறுத்தும் அம்மம்மாவை மேற்கோள் காட்டியும், இருவர் சொன்னதையும் கேளாமலும்). இத்துறையில் அதிகம் மேற்கோள் காட்டப்படுபவர் சின்ன மாமாதான்.

நாலாந் துள்ளலில் பந்து வேலிப் பொட்டுக்குள்ளால் பக்கத்து வளவுக்குப் போய்விட்டது. ஐந்தாவது பற்றிய தரவு அந்த வளவு நாயிடம் இருக்கிறது.